எலும்புக்கு ஒன்றரை மணி, கத்திரிக்காய்க்குப் பத்து நிமிடம்



கல்யாண விருந்தில் தாளிச்சா சாப்பிட்டுவிட்டு வந்தவர்கள், வீட்டில் அதைச் செய்து பார்த்துவிட்டு, "எல்லாம் போட்டேன், அந்த ருசி மட்டும் வரல" என்று சொல்வதைக் கேட்டுக் கேட்டு எனக்கு அலுத்துவிட்டது. இன்றைக்கு எனக்குக் கொடுத்திருக்கும் நேரம் முழுவதையும் அந்த ஒரு குறைக்கே செலவழிக்கப் போகிறேன். பிரியாணியைப் பற்றிப் பேசமாட்டேன். அதைப் பற்றிப் பேச ஊருக்குப் பத்துப் பேர் இருக்கிறார்கள். பக்கத்தில் சின்ன வாளியில் வருகிறதே, அதைப் பற்றிப் பேசத்தான் ஆளில்லை.

தாளிச்சா என்றால் என்ன என்று தெரியாதவர்கள் இந்த அவையில் ஒன்றிரண்டு பேர் இருக்கலாம். ஆட்டெலும்பு, பருப்பு, கத்திரிக்காய், வாழைக்காய், மாங்காய், புளி எல்லாம் சேர்ந்து கொதித்த குழம்பு. நாகூர், கூத்தாநல்லூர், அதிராம்பட்டினம் பக்கம் நெய்ச்சோற்றோடும் பிரியாணியோடும் வரும். தால்சா என்று சொல்கிற ஊர்களும் உண்டு. சாம்பாருக்கும் கறிக்குழம்புக்கும் நடுவில் நிற்கிற பண்டம் என்று வெளியூர்க்காரர்கள் சொல்வார்கள். அப்படிச் சொல்பவர்களுக்கு இன்னும் ஒரு கரண்டி ஊற்றச் சொல்ல வேண்டும்.

வீட்டில் அந்த ருசி வராததற்கு மூன்று காரணம் சொல்வார்கள். விறகடுப்பு, தேக்சா என்கிற பெரிய அண்டா, பண்டாரி என்கிற கல்யாணச் சமையல்காரரின் கைப்பக்குவம். விறகடுப்பை நான் ஒத்துக்கொள்ளமாட்டேன். மூடி போட்டுக் கொதிக்கிற குழம்புக்குள் புகை எவ்வளவு போய்விடும்? கட்டையில் சுட்ட கறிக்கு அந்தப் பேச்சு பொருந்தும், குழம்புக்குப் பொருந்தாது. பெரிய பாத்திரத்தில் கொஞ்சம் நியாயம் இருக்கிறது. நூறு பேருக்குச் சமைத்த குழம்பு அடுப்பை அணைத்த பிறகும் நெடுநேரம் சூடு தாங்கும், உள்ளே வேலை நடந்துகொண்டே இருக்கும். கைப்பக்குவம் என்பது மரியாதையான சொல்தான். ஆனால் நமக்குக் காரணம் தெரியாத இடத்திலெல்லாம் அந்தச் சொல்லைத்தான் எடுத்து வைக்கிறோம்.

என் கணக்கில் காரணம் இரண்டு. ஒன்று, நீங்கள் ரொம்ப நல்ல கறி வாங்குகிறீர்கள். இன்னொன்று, எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் குக்கரில் போடுகிறீர்கள்.

முதல் காரணத்தைக் கேட்டுச் சிலர் சிரிக்கிறீர்கள். நல்ல கறி வாங்குவது குற்றமா என்று கேட்பீர்கள். தாளிச்சாவுக்குக் குற்றம்தான். கல்யாண வீட்டில் இந்தக் குழம்பு எப்படிப் பிறக்கிறது என்று பாருங்கள். ஆடு அறுக்கிறார்கள். உயிரோடு இருபது கிலோ நின்ற வெள்ளாட்டை உரித்துச் சுத்தம் செய்தால் எலும்போடு ஒன்பது, பத்துக் கிலோதான் நிற்கும். அதில் தொடை, சந்து, சதைப்பற்றுள்ள துண்டெல்லாம் பிரியாணிக்குப் போய்விடும். விருந்தாளி தட்டில் கண்ணுக்குத் தெரிகிற கறி விழ வேண்டும் அல்லவா? மிச்சம் என்ன? கழுத்து, நெஞ்செலும்பு, முதுகெலும்பு, முழங்கால், ஜவ்வு, கொஞ்சம் கொழுப்பு. அதைத் தூக்கி எறிய மனம் வராது. எறியவும் கூடாது. அதுதான் தாளிச்சா தேக்சாவுக்குள் போகிறது. பிரியாணியின் மிச்சத்தில் பிறந்த குழம்பு இது.

வீட்டில் நாம் செய்வது தலைகீழ். விருந்தாளி வருகிறார் என்று கறிக்கடையில் போய், "பாய், எலும்பு வேண்டாம், நல்ல தனிக்கறியாப் போடுங்க" என்று கேட்டு வாங்குகிறோம். அந்தத் தொடைக்கறியைப் பருப்போடு ஒரு மணி நேரம் கொதிக்க வைத்தால் சக்கையாகிவிடும். குழம்பு தண்ணீராக நிற்கும். காசு கொடுத்து வாங்கிய தோல்வி.

இதற்கு விளக்கம் எளிது. ஆட்டின் தசையில் இரண்டு விதமான பொருள் இருக்கிறது. ஒன்று, இழை இழையான சதை. இன்னொன்று, அந்த இழைகளைக் கட்டி எலும்போடு பிணைக்கிற ஜவ்வு, நரம்பு, வெள்ளைப் பட்டை. அந்த வெள்ளைப் பட்டையில் இருப்பது கொலாஜன் என்ற புரதம். சதை இழை சூடு ஏற ஏறச் சுருங்கி உள்ளிருக்கும் சாற்றைப் பிழிந்து வெளியே தள்ளும். எவ்வளவு நேரம் வேகவைத்தாலும் போன சாறு திரும்பி வராது. கொலாஜன் அப்படியில்லை. 70 டிகிரிக்கு மேலான சூட்டில் தண்ணீரோடு நெடுநேரம் கிடந்தால் அது கரைந்து ஜெலட்டினாகிவிடும். குழம்பில் உதடு ஒட்டுகிற அந்தப் பிசுபிசுப்பு அதுதான். ஆட்டுக்கால் பாயா குடித்தவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. நாள் முழுக்கக் குனிந்து மேய்ந்த கழுத்திலும், உடம்பைத் தாங்கி நடந்த காலிலும் அது நிறைய இருக்கும். தொடையின் உள்சதையில் குறைவு. ஆகவே, ஆளுக்குப் பிடிக்காத துண்டுதான் குழம்புக்குப் பிடித்த துண்டு.

அதனால் கறிக்கடையில் நீங்கள் கேட்க வேண்டியது இதுதான்: கழுத்து, நெஞ்செலும்பு பாதிக்குப் பாதி, கூட ஒரு நல்லி. நல்லியைக் குறுக்கே வெட்டிக் கொடுக்கச் சொல்லுங்கள், உள்ளிருக்கும் ஊன் குழம்பில் இறங்க வழி வேண்டும். எலும்பைச் சில்லுசில்லாகக் கொத்த விடாதீர்கள். துணுக்கு எலும்பு பருப்புக்குள் ஒளிந்துகொண்டு பல்லில் அகப்படும். ஆறு பேர் கொண்ட வீட்டுக்கு அரைக்கிலோ போதும். ஆமாம், அரைக்கிலோதான். ஏனென்றால் காய்கறி ஒரு கிலோ போடப் போகிறோம்.

இங்கே ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்லிவிடுகிறேன். தாளிச்சாவைக் கறிக்குழம்பு என்று நினைத்துக்கொண்டு சமைப்பவர்கள்தான் தோற்கிறார்கள். இது காய்கறிக் குழம்பு. எலும்பு அதற்கு அடிச்சாறு கொடுப்பதற்காக வந்திருக்கிறது. சந்தேகம் இருந்தால் கல்யாண வீட்டில் சஹன் என்கிற ஒரே பெரிய தட்டைச் சுற்றி மூன்று நான்கு பேர் உட்கார்ந்து சாப்பிடும்போது கவனியுங்கள். தாளிச்சா வாளி வரும்போது யாரும் "கறி போடுங்க" என்று கேட்கமாட்டார்கள். "மாங்காய் ஒண்ணு போடுங்க, கத்திரிக்காய் பார்த்துப் போடுங்க" என்பார்கள். ஓட்டோடு வெட்டிய மாங்காய்த் துண்டு ஒன்று சஹனில் விழுந்தால் அதற்கு மட்டும் நாலு கை நீளும். அந்தக் கொட்டை ஓட்டின் உள்பக்கத்தில் பருப்பும் எலும்புச்சாறும் ஒட்டிக்கொண்டு நிற்கும். அதைச் சப்பிச் சாப்பிடத் தெரியாதவருக்கு மாங்காய் போடுவது வீண்.

தமிழ்நாட்டு முஸ்லிம் வீடுகளில் கறிச்சோறு வருகிற இடத்தில் கத்திரிக்காயும் எப்படியோ வந்துவிடுகிறது. ஆம்பூர் பிரியாணிக்குப் பக்கத்தில் எண்ணெய்க் கத்திரிக்காய். காயல்பட்டினத்தில் களறிக் கறியோடு கத்திரிக்காயும் மாங்காயும். நம் பக்கம் தாளிச்சா. இதற்குக் காரணம் நாக்குதான். ஆட்டுக்கொழுப்பு நம் உடல் சூட்டில் முழுதாக உருகாத கொழுப்பு. சோறு ஆறத் தொடங்கினால் மேல்வாயில் மெழுகுபோல் படியும். அதை வெட்ட ஒரு புளிப்பு வேண்டும், குழம்பு சுடச்சுடவும் இருக்க வேண்டும். கத்திரிக்காயோ உள்ளே காற்றறைகள் நிறைந்த காய். வேகும்போது அந்த அறைகள் இடிந்து, சுற்றியிருக்கும் சாற்றையும் நெய்யையும் உறிஞ்சிக்கொள்ளும். புளித்த எலும்புச்சாற்றைக் குடித்த கத்திரிக்காய்க்கு இணை கிடையாது. இது என் கட்சி. வாழைக்காய்தான் பெரிது என்று சண்டைக்கு வருபவர்கள் பிறகு வரலாம்.

கத்திரிக்காய் தேர்ந்தெடுப்பதில் என் பெரியம்மாவுக்கு ஈடு நான் பார்த்ததில்லை. கூடையில் பளபளவென்று பெரிதாக இருப்பதைத் தொடவே மாட்டார். உள்ளங்கைக்குள் அடங்குகிற அளவில் ஒன்றை எடுத்து முதலில் கனம் பார்ப்பார். அளவுக்கு மீறிக் கனத்தால் விதை முற்றிவிட்டது என்று திருப்பி வைத்துவிடுவார். பிறகு காம்பைச் சுற்றியிருக்கும் பச்சைத் தொப்பியின் ஓரத்தை நகத்தால் லேசாகத் தூக்கிப் பார்ப்பார். அது காயோடு ஒட்டி, அடியில் வெளுப்பாக இருந்தால் பிஞ்சு. காய்ந்து பிரிந்து நின்றால் கூடையிலேயே கிடக்கட்டும். வீட்டுக்கு வந்து காம்பை முழுதாக அரிந்து எறியவும் மாட்டார். காம்பின் நுனியை மட்டும் நறுக்கிவிட்டு, அடியிலிருந்து நாலாகக் கீறுவார். தொப்பி நாலு பக்கத்தையும் பிடித்துக்கொண்டிருக்கும். குழம்பில் கிடந்து குழையாமல் இலைக்கு முழுக்காயாக வரும். நறுக்கியதும் உப்புப் போட்ட தண்ணீருக்குள் போய்விடும். காற்றுப் பட்டால் கறுத்துவிடும் என்பது உங்களுக்கே தெரியும். வாழைக்காய்க்கும் அதே தண்ணீர், கூடக் கொஞ்சம் மஞ்சள்தூள்.

இப்போது இரண்டாவது காரணத்துக்கு வருகிறேன்: எல்லாவற்றையும் ஒன்றாகப் போடுவது.

கல்யாணச் சமையற்கட்டில் வேலை நடக்கிற வரிசையைப் பாருங்கள். பண்டாரி விடியுமுன்பே எலும்பை அடுப்பில் ஏற்றிவிடுவார். அப்புறம் பிரியாணி வேலை இருக்கிறது, வெங்காயம் வதக்க வேண்டும், கறி வேக வேண்டும், அரிசி வடிக்க வேண்டும். அந்த நேரமெல்லாம் எலும்பு மூலையில் மெல்லக் கொதித்துக்கொண்டே கிடக்கும். பிரியாணியைத் தம் போட்ட பிறகுதான் கை ஓயும். அப்போதுதான் பருப்பும் காயும் புளியும் தேக்சாவுக்குள் போகும். யாரும் புத்தகம் பார்த்துச் செய்த ஏற்பாடு இல்லை. வேலை நெருக்கடியே அப்படி அமைத்துவிட்டது. எலும்புக்கு வேண்டிய நேரம் எலும்புக்குக் கிடைத்தது, காய்க்கு வேண்டிய நேரம் காய்க்குக் கிடைத்தது. நம் வீட்டிலோ குக்கர். எலும்பு, பருப்பு, கத்திரிக்காய், புளித்தண்ணீர் எல்லாவற்றையும் உள்ளே தள்ளி, ஏழு விசில். திறந்தால் எலும்பு வேகாமல் இருக்கும், கத்திரிக்காயைக் காணோம், பருப்பு கடுக்குமுடுக்கென்று நிற்கும்.

பருப்பு ஏன் வேகவில்லை? புளிதான் காரணம். பருப்பின் சுவர்களையும் காய்கறியின் சுவர்களையும் ஒட்டவைத்திருப்பது பெக்டின் என்கிற பசை. சூட்டில் அது கரைந்தால்தான் பருப்பு மலரும், காய் மெத்தென்றாகும். புளிப்பான தண்ணீரில் அந்தப் பசை கரையத் தயங்கும். உப்புத்தண்ணீர் வருகிற ஊர்களில், அதாவது சுண்ணாம்புச் சத்து மிகுந்த கிணற்றுத் தண்ணீர் உள்ள இடங்களில், பருப்பு வேகாமல் அடம்பிடிப்பதும் இதே பசையால்தான். சுண்ணாம்புச் சத்து அந்தப் பசையை இன்னும் இறுக்கிவிடுகிறது. அதனால்தான் சாம்பாருக்கும் பருப்பு வெந்த பிறகே புளி ஊற்றுகிறோம். நம் பாட்டிமார்களுக்குப் பெக்டின் தெரியாது, வரிசை தெரியும்.

ஆனால் இதே குணத்தைக் காரியத்துக்குப் பயன்படுத்திக்கொள்ளலாம். வாழைக்காயும் உருளைக்கிழங்கும் புளிக்கு முன்னால் வெந்துவிட வேண்டும். இல்லாவிட்டால் நடுவில் கட்டியாக நிற்கும். கத்திரிக்காய் எளிதில் குழைந்துவிடுகிற காய், அதைப் புளியோடு சேர்த்துப் போட வேண்டும். புளி அதைப் பிடித்து நிறுத்தும். எலும்பின் கதை வேறு. ஜவ்வு கரைவதற்குக் கொஞ்சம் புளிப்பு உதவியாகவே இருக்கும். ஆகையால் எலும்போடு தக்காளி போடலாம், தயங்க வேண்டாம்.

வீட்டு அளவுக்குச் சொல்கிறேன், எழுதிக்கொள்பவர்கள் எழுதிக்கொள்ளலாம். அடிகனமான பாத்திரத்தில் மூன்று மேசைக்கரண்டி எண்ணெய், பட்டை, கிராம்பு, ஏலக்காய் இரண்டிரண்டு, கொஞ்சம் சோம்பு. பெரிய வெங்காயம் கால் கிலோ நறுக்கிப் பொன்னிறமாகும்வரை வதக்குங்கள், இதில் அவசரப்படக் கூடாது. இஞ்சி பூண்டு விழுது இரண்டு மேசைக்கரண்டி, பச்சை வாசனை போக வேண்டும். பச்சைமிளகாய் நாலு, ஒரு கைப்பிடி மல்லி, அரைக்கைப்பிடி புதினா, தக்காளி இரண்டு. பிறகு எலும்பு. மிளகாய்த்தூள் ஒன்றரைத் தேக்கரண்டி, மல்லித்தூள் இரண்டு மேசைக்கரண்டி, மஞ்சள்தூள், உப்பு. எலும்பில் மசாலா பிடித்து ஓரத்தில் எண்ணெய் கசிந்ததும் ஒரு லிட்டர் தண்ணீர். கொதி வந்ததும் தீயைத் தணித்து மூடிவிடுங்கள். ஒன்றரை மணி நேரம். தளதளவென்று கொதிக்க விடாதீர்கள், மேலே ஒன்றிரண்டு குமிழி வந்து போனால் போதும். நெஞ்செலும்பிலிருந்து சதை தானாகக் கழன்று வந்தால் வெந்துவிட்டது என்று பொருள்.

இந்த நேரத்தில் வேறொரு பாத்திரத்தில் துவரம்பருப்பு 150 கிராம், ஊறவைத்த கடலைப்பருப்பு 50 கிராம், மஞ்சள்தூள் போட்டுத் தனியாக வேகவையுங்கள். துவரை கரைந்து குழம்புக்கு உடம்பு கொடுக்கும், கடலை பாதி உடைந்து பல்லுக்கு அகப்படும். இரண்டும் வேண்டும் என்பது என் அபிப்பிராயம். கடலைப்பருப்பு மட்டும் போடும் வீடுகளோடு எனக்குப் பகை இல்லை. மத்தால் மசிக்கும்போது களியாக்கிவிடாதீர்கள்.

எலும்பு வெந்த சாற்றில் முதலில் வாழைக்காய், முருங்கைக்காய், வேண்டுமானால் உருளைக்கிழங்கு. பத்து நிமிடம். அப்புறம் நெல்லிக்காய் அளவு புளியைக் கரைத்து ஊற்றிக் கத்திரிக்காயைப் போடுங்கள். மாங்காய் போடுவதால்தான் இந்தக் குறைந்த புளி. மாங்காய் இல்லாவிட்டால் எலுமிச்சை அளவு. ஐந்து நிமிடம் கழித்துப் பருப்பும் மாங்காயும். இன்னும் ஐந்து நிமிடம். பருப்பு விழுந்த பிறகு அடி பிடிக்கும், கரண்டியை அடிவரை விட்டுக் கிண்டுங்கள், ஆனால் கத்திரிக்காயைக் குத்தாமல். தேங்காய் அரைத்து ஊற்றுகிற வழக்கம் உள்ளவர்கள் இந்தக் கட்டத்தில் அரைமூடித் தேங்காயை அரைத்து ஊற்றி, ஒரு கொதியோடு இறக்கிவிட வேண்டும். கடைசியில் நெய்யில் சின்ன வெங்காயம், கறிவேப்பிலை, காய்ந்த மிளகாய் தாளித்துக் கொட்டி உடனே மூடுங்கள். கடற்கரை ஊர்களில் நெய்ச்சோற்றுக்குப் போடும் ரம்பை இலையில் ஒரு துண்டைத் தாளிப்பிலும் கிள்ளிப் போடலாம். மூடிய பாத்திரத்தை அரை மணி நேரம் தொடாதீர்கள். சின்ன வீட்டுப் பாத்திரத்துக்குப் பெரிய தேக்சாவின் குணத்தைக் கொடுக்க நமக்கிருக்கிற ஒரே வழி அது.

ஒன்றரை மணி நேரம் கேஸ் எரிக்க முடியாது, நான் வேலைக்குப் போகிறவள் என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல் கேட்கிறது. நியாயமான குரல். குக்கரை நான் ஒதுக்கவில்லை. எலும்புக்கு மட்டும் குக்கர் வையுங்கள். குக்கர் பிறந்ததே எலும்புக்காகத்தான். டெனிஸ் பாப்பன் என்ற பிரெஞ்சுக்காரர், லண்டனில் ராபர்ட் பாயிலிடம் உதவியாளராக இருந்தவர், 1679இல் ஒரு பாத்திரத்தைச் செய்தார். இறுக்க மூடிய இரும்புக் கலம், உள்ளே நீராவி அழுத்தம், வெடித்துவிடாமல் இருக்க எடை வைத்த ஒரு வால்வு. டைஜெஸ்டர் என்று அதற்குப் பெயர் வைத்தார். 1681இல் அதைப் பற்றி அவர் வெளியிட்ட புத்தகத்தின் தலைப்பே எலும்பை மெதுவாக்கும் இயந்திரம் என்றுதான் சொல்கிறது. தூக்கி எறிகிற எலும்பிலிருந்து ஏழைகளுக்குச் சத்தை எடுத்துக் கொடுத்துவிடலாம் என்பது அவர் கனவு. 1682 ஏப்ரலில் ராயல் சொசைட்டி உறுப்பினர்கள் சிலருக்கு அந்தப் பாத்திரத்தில் சமைத்த விருந்தும் நடந்தது. அங்கே சாப்பிட்ட ஜான் ஈவ்லின், கெட்டி எலும்புகூட மெத்தென்று வெந்திருந்ததை வியந்து தன் நாட்குறிப்பில் எழுதி வைத்தார். நம் அடுப்பில் உஸ் என்று எழும்பி உட்காருகிற வெயிட், பாப்பனின் அந்த வால்வுக்குப் பேரப்பிள்ளை.

திறந்த பாத்திரத்தில் தண்ணீர் 100 டிகிரிக்கு மேல் ஏறாது. கொடைக்கானல் மாதிரி 2,100 மீட்டர் உயரத்தில் 93 டிகிரியிலேயே கொதித்துவிடும். அங்கே பருப்பு வேகவில்லை என்று அலுத்துக்கொள்பவர்களின் பிரச்சினை அதுதான். குக்கருக்குள் கிட்டத்தட்ட 120 டிகிரிவரை போகும். ஒன்றரை மணி நேர வேலை இருபத்தைந்து நிமிடத்தில் முடிந்துவிடும். ஆனால் நிமிடத்தைத்தான் எண்ண வேண்டும், விசிலை இல்லை. விசில் என்பது மிஞ்சிய நீராவி வெளியே போகிற சத்தம், அவ்வளவே. தீ பெரிதாக இருந்தால் ஐந்து நிமிடத்தில் ஏழு விசில் வந்துவிடும். தீ சிறியதாக இருந்தால் இருபது நிமிடத்தில் ஒன்றுகூட வராது. இரண்டிலும் உள்ளே இருக்கும் சூடு ஏறக்குறைய ஒன்றுதான். முதல் விசில் வந்ததும் தீயைக் குறைத்து, கடிகாரத்தைப் பாருங்கள். பிறகு திறந்து, காயையும் புளியையும் முன்பு சொன்ன வரிசையில் திறந்த பாத்திரத்திலேயே போடுங்கள். கத்திரிக்காயைக் குக்கருக்குள் விடவே கூடாது.

கறியையும் பருப்பையும் சேர்த்துக் காய்ச்சுவது நாம் மட்டும் கண்டுபிடித்த வித்தை என்று நான் சொல்லப் போவதில்லை. 1226இல் பாக்தாதில் முகம்மது பின் ஹசன் அல்-பக்தாதி எழுதிய சமையல் நூலிலேயே ஆட்டுக்கறியும் பருப்பும் சேர்ந்த பக்குவம் இருக்கிறது. ஹைதராபாத்தில் கடலைப்பருப்பும் சுரைக்காயும் புளியும் போட்டு தால்சா செய்கிறார்கள். மும்பையிலும் குஜராத்திலும் உள்ள பார்சிகள் செய்கிற தன்சாக்கில் பருப்பு, பரங்கிக்காய், கத்திரிக்காய், ஆட்டுக்கறி எல்லாம் உண்டு. ஆனால் அதை நல்ல காரியங்களுக்குச் சமைக்கமாட்டார்கள். வீட்டில் ஒருவர் இறந்தால் மூன்று நாள் கறி ஒதுக்கி வைத்திருந்துவிட்டு, நாலாம் நாள் சாப்பிடுகிற உணவு அது. மற்றபடி ஞாயிற்றுக்கிழமை மதியத்துக்கு. நமக்கோ இது இல்லாமல் கல்யாணம் இல்லை. கிட்டத்தட்ட ஒரே சாமான், ஓரிடத்தில் துக்கத்தை முடித்து வைக்கிறது, இன்னோரிடத்தில் மாப்பிள்ளை வீட்டாரை உட்கார வைக்கிறது. அயர்லாந்துக்காரர்களின் ஸ்டூவிலும் செம்மறியின் கழுத்தும் உருளைக்கிழங்கும் வெங்காயமும்தான். அவர்களும் தொடையைத் தொடவில்லை, கவனியுங்கள்.

ஊர்ப்பெருமைச் சண்டை எங்கும் உண்டு. அமெரிக்காவில் பிரன்ஸ்விக் ஸ்டூ என்று ஒரு கறியும் காயும் சேர்ந்த குழம்பு. வர்ஜீனியாவில் உள்ள பிரன்ஸ்விக் மாவட்டம், 1828இல் எங்கள் ஊரில்தான் முதலில் செய்தார்கள் என்கிறது. அன்று உள்ளே போனது அணில் கறி. ஜார்ஜியா மாநிலத்துப் பிரன்ஸ்விக் ஊர்க்காரர்கள் ஒரு பழைய இரும்பு அண்டாவையே நிறுத்தி வைத்து, 1898இல் முதல் குழம்பு காய்ந்தது இதில்தான் என்று அதில் பொறித்து வைத்திருக்கிறார்கள். எழுபது வருஷம் பிந்திய தேதியை வைத்துக்கொண்டு முதலிடம் கேட்கிற துணிச்சலை நான் மெச்சுகிறேன். நம் ஊர்களும் தாளிச்சாவுக்கு இப்படி அண்டா நிறுத்தாமல் இருந்தால் சரி.

தாளிச்சாவில் நமது என்று சொல்லிக்கொள்ளத்தக்கது காயும் புளிப்பும்தான். கத்திரிக்காய் இந்த மண்ணுக்குப் பழையது, மாங்காயும் அப்படியே. மிளகாயும் தக்காளியும் உருளைக்கிழங்கும் போர்ச்சுகீசியர் வந்த பிறகு அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்து சேர்ந்தவை. ஆகவே உருளைக்கிழங்கு போடாமல் செய்பவர்கள் தைரியமாகப் போடாமல் இருக்கலாம். மிளகாயை விடச் சொன்னால் யாரும் கேட்கமாட்டீர்கள், அதனால் சொல்லவில்லை.

மிச்சம் வந்தால் ஆறிய உடனே ஃப்ரிட்ஜில் வையுங்கள். நம் ஊர் வெயிலில் கறியும் பருப்பும் சேர்ந்த குழம்பு இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே இருக்கக் கூடாது. மறுநாள் காலையில் எடுத்தால் கரண்டி நிற்கிற அளவுக்கு இறுகிப் போயிருக்கும். கெட்டுவிட்டது என்று பதறாதீர்கள். ஜெலட்டினும் பருப்பின் மாவுச்சத்தும் குளிரில் அப்படித்தான் கெட்டிப்படும். அப்படிக் கெட்டிப்படாவிட்டால்தான் நீங்கள் தனிக்கறி வாங்கியிருக்கிறீர்கள் என்று அர்த்தம். அரைத் தம்ளர் தண்ணீர் விட்டு நன்றாகக் கொதிக்க வைத்து, இட்லிக்கு ஊற்றிக்கொள்ளுங்கள். பரோட்டாவுக்கும் சரி. முதல் நாளைவிட மறுநாள் நன்றாக இருக்கும் என்று சொல்பவர்கள் உண்டு. கத்திரிக்காய் விஷயத்தில் அது உண்மை, மாங்காய் விஷயத்தில் இல்லை. மாங்காய் கரைந்து போயிருக்கும்.

கூட்டம் தொடங்குவதற்கு முன் சிலர் சீட்டில் கேள்வி எழுதிக் கொடுத்தார்கள். அதையும் சொல்லி முடித்துவிடுகிறேன்.

கோழியில் செய்யலாமா? பிராய்லர் கோழி ஐந்து, ஆறு வாரத்தில் கடைக்கு வந்துவிடுகிறது. அதன் எலும்பில் முற்றிய ஜவ்வு ஏது? அரை மணி நேரத்தில் கறி நார்நாராகப் பிரியும், சாறு கெட்டிப்படாது. முட்டையிட்டு ஓய்ந்த நாட்டுக்கோழி கிடைத்தால் செய்து பாருங்கள், ஏமாற்றாது. மாட்டெலும்பில்? தாராளமாக. வாணியம்பாடி, ஆம்பூர் பக்கம் செய்கிறார்கள். திறந்த பாத்திரத்தில் வைத்தால் மூன்று மணி நேரம் ஒதுக்குங்கள். எலும்பே இல்லாமல்? அப்படி ஒன்றை ஏற்கெனவே எல்லோர் வீட்டிலும் செய்கிறோம். சாம்பார் என்று பெயர். அதில் எனக்கு ஆட்சேபம் இல்லை, ஆனால் அதற்கு என்னைக் கூப்பிட்டிருக்க வேண்டியதில்லை.

மாங்காய் கிடைக்காத மாதத்தில் என்ன செய்வது என்று கடைசிச் சீட்டு. உப்பில் ஊறிக் காய்ந்த மாங்காய் வற்றல் கடையில் கிடைக்கும். வெந்நீரில் அரை மணி நேரம் ஊறப் போட்டு, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, பருப்பு ஊற்றும்போது ஐந்தாறு துண்டு போடுங்கள். வற்றலில் உப்பு நிறைய இருக்கும். எலும்பு வேகும்போது உப்பைப் பாதியாகக் குறைத்துக்கொண்டு, இறக்குவதற்கு முன்னால் ருசி பார்த்து மீதியைச் சேர்க்கலாம்.